கூழைக்கடா விருந்தாளி இல்லை: நெல்லைச் சீமையில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தை பிறந்ததும் நாங்குநேரி பக்கத்துக் கூந்தன்குளத்தைப் பற்றிச் செய்திகள் வரத் தொடங்கும். ‘வெளிநாட்டுப் பறவைகள் வருகை’, ‘சைபீரியா, ஆஸ்திரேலியாவிலிருந்து விருந்தாளிகள்’ என்று தலைப்பு இருக்கும். கீழே பெரும்பாலும் ஒரு கூழைக்கடாவின் (பெலிகன்) படத்தைப் போட்டிருப்பார்கள். முதல் தவறு அங்கேதான். கூழைக்கடா விஷயத்தில் நாம் செய்கிற மற்றத் தவறுகளில் பாதிக்கு மேல் இந்த ஒன்றிலிருந்து பிறப்பவை. அதனால் இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

நம் குளங்களில் இருப்பது புள்ளி அலகுக் கூழைக்கடா. சாம்பல் கலந்த வெள்ளை உடம்பு, மேல் அலகின் ஓரத்தில் வரிசையாக நீலப் புள்ளிகள், அலகுக்குக் கீழே ஊதா சாயலில் தொங்கும் பை. எடை நாலு முதல் ஆறு கிலோ வரை இருக்கும். இதன் வீடு தென்னிந்தியாவும் இலங்கையும்தான். அசாமிலும் கம்போடியாவிலும் கொஞ்சம் உண்டு. இங்கே கூந்தன்குளம், வடக்கே வேடந்தாங்கல், கரிக்கிலி, ஆந்திராவில் நேலப்பட்டு, உப்பலபாடு, கர்நாடகத்தில் கொக்கரே பெல்லூர் என்று கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கும் ஊர்கள் எல்லாம் நம் ஊர்களே. ஆஸ்திரேலியாவில் இருக்கும் கூழைக்கடா வேறு இனம். அது இங்கே வருவதில்லை. வெள்ளைக் கூழைக்கடா, டால்மேஷியக் கூழைக்கடா என்று இன்னும் இரண்டு வகைகள் இந்தியாவில் உண்டு. அவை பெரும்பாலும் குளிர்காலத்தில் வடக்கிலும் வடமேற்கிலும் தங்கிப் போகிறவை. நம் பக்கம் கண்ணில் படுவது அபூர்வம்.

கூந்தன்குளத்துக்கு உண்மையாகவே தூரதேசத்திலிருந்து வரும் பறவைகளும் உண்டு. இமயமலையைத் தாண்டி வரும் பட்டைத்தலை வாத்து அவற்றில் பெயர் பெற்றது. அது இங்கே இரை தின்று, குளிர்காலத்தைக் கழித்துவிட்டு வடக்கே திரும்பிவிடும். முட்டையிடுவதெல்லாம் அங்கேதான். கூழைக்கடா அப்படி இல்லை. இங்கேயே கூடு கட்டி, இங்கேயே முட்டையிட்டு, இங்கேயே குஞ்சு வளர்க்கிறது. பேறுகாலத்துக்குத் தாய்வீடு வந்த மகள் என்று வேண்டுமானால் அதைச் சொல்லலாம். விருந்தாளி என்று சொல்ல முடியாது.

பெயரில் என்ன இருக்கிறது, சொல்லிவிட்டுப் போகட்டுமே என்று தோன்றலாம். ஆனால் இந்த நினைப்பு நேராகக் குளத்து வேலைகளில் வந்து முடிகிறது. வடகிழக்குப் பருவமழையில் குளம் பெருகி, மணிமுத்தாறு கால்வாய்த் தண்ணீரும் வந்து சேர்ந்த பிறகே கூழைக்கடா கூட்டைத் தொடங்கும். மூன்று, நாலு முட்டை. அடைகாக்க ஒரு மாதம். முட்டையிலிருந்து வரும்போது குஞ்சின் உடம்பில் ஒரு தூவி கிடையாது. அப்புறம் வெள்ளைத் தூவி முளைத்து, இறகு முளைத்து, பறந்து தானாக இரை தேட மூன்று மாதத்துக்கும் மேல் ஆகும். தையில் கூடு கட்டியது என்று வைத்துக்கொண்டால் சித்திரை, வைகாசி வரை கிளைகளில் குஞ்சுகள் இருக்கும். பிந்திக் கட்டிய கூடுகளில் ஆனி வரைக்கும்கூட இருக்கும்.

நம் ஊரில் அந்த மாதங்களில் என்ன நடக்கிறது? பிசான நெல் அறுவடை முடிந்திருக்கும். குளத்தில் தண்ணீர் வற்ற ஆரம்பித்திருக்கும். மீன் பிடிக்கக் குத்தகைதாரர் ஆள் இறக்குவார். வண்டலும் கரம்பையும் எடுக்க ஜேசிபி வரும். கருவேல மர ஏலம் நடக்கும். கோயில் கொடை விழாக்கள் வரிசையாக வரும். ‘வந்த பறவையெல்லாம் பொங்கலோடு போயிருக்குமே’ என்று எல்லாரும் நம்புவதால், குஞ்சுகள் மரத்தில் நிறைந்திருக்கும் நாட்களில்தான் குளத்துக்குள் எல்லா வேலையும் நடக்கிறது. பறவையை வெறுத்து யாரும் இதைச் செய்வதில்லை. காலத்தைத் தவறாகக் கணக்கிட்டதுதான் காரணம். குளத்துக்குள் எந்த வேலையைத் தொடங்குவதற்கு முன்னாலும் கரையில் நின்று மரங்களை ஒருமுறை அண்ணாந்து பார்த்துவிட்டால் போதும். கூட்டில் குஞ்சு இருந்தால் அந்தப் பகுதியை மட்டுமாவது இரண்டு மாதம் தள்ளிவைக்கலாம். ஒரு குளத்தில் எல்லா மூலையிலும் கூடு இருப்பதில்லை.

கூந்தன்குளம் இருக்கிறதே என்று இருந்துவிடுவது

கூந்தன்குளம் 1994-இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. கூந்தன்குளம், காடன்குளம் என்ற இரண்டு குளங்களும் சேர்ந்து ஏறத்தாழ 130 ஹெக்டேர். 2021 முதல் ராம்சார் என்ற சர்வதேச ஈரநிலப் பட்டியலிலும் இருக்கிறது. அந்த ஊர்க்காரர்கள் தீபாவளிக்கு வெடி போடுவதில்லை. வீட்டு மரங்களில் நாரைகள் கூடு கட்டினால் கலைப்பதில்லை. சரணாலய அறிவிப்புக்கு முன்பே இருந்துவரும் ஊர் வழக்கம் அது. இதையெல்லாம் பெருமையாகச் சொல்லலாம், சொல்லவும் வேண்டும்.

ஆனால் அங்கே கூடு கட்டும் கூழைக்கடா அங்கேயே சாப்பிடுவதில்லை. அத்தனை கூடுகளுக்கும் ஒரு குளத்து மீன் எப்படிப் போதும்? வெயில் ஏறி மண் சூடானதும், மேலெழும் வெப்பக்காற்றில் இறக்கையை விரித்து வட்டம் போட்டு உயர ஏறி, அங்கிருந்து சறுக்கிக்கொண்டு வேறு குளத்துக்குப் போகும். இறக்கையை அதிகம் அடிக்காமலே அது பல கிலோமீட்டர் கடந்துவிடும். விஜயநாராயணம், மானூர், ராஜவல்லிபுரம், திருநெல்வேலி டவுனுக்குள் இருக்கும் நயினார்குளம் என்று ஒவ்வொன்றும் அதன் சாப்பாட்டு இடம்தான். கிழக்கே தாமிரபரணி கடலில் சேரும் புன்னைக்காயல் கழிமுகமும் தூத்துக்குடி உப்பள ஓரங்களும் அதே கணக்கில் சேரும். 1986-இல் மாவட்டத்தைப் பிரித்தது நாம். பறவைக்கு அந்த எல்லை கிடையாது.

ஆகவே, சரணாலயத்தைக் காப்பாற்றிவிட்டு மற்றக் குளங்களில் சாக்கடையை விட்டால், ஆகாயத்தாமரை மூட விட்டால், கரையைச் சுருக்கிப் பிளாட் போட்டால், சரணாலயத்தில் இருக்கும் குஞ்சுக்கு இரை குறையும். ஆகாயத்தாமரை மூடிய குளத்தில் எவ்வளவு மீன் இருந்தாலும் கூழைக்கடாவுக்குப் பயனில்லை. அதற்கு இறங்கி நீந்தவும், அலகை விட்டு அள்ளவும் திறந்த நீர்ப்பரப்பு வேண்டும்.

இதே தவறின் இன்னொரு முகம்: மழை பொய்த்த ஆண்டில் கூந்தன்குளம் வறண்டுகிடப்பதைப் பார்த்துவிட்டு ‘பறவையெல்லாம் அழிந்துபோச்சு’ என்று முடிவுகட்டுவது. அந்த ஆண்டு அவை வேறு குளங்களுக்குப் போயிருக்கும். கூடு கட்டாமலும் இருந்திருக்கும். அடுத்த நல்ல மழைக்குத் திரும்பி வரும். அதற்காக அழிவே வராது என்றும் இருந்துவிடக் கூடாது. பர்மாவில் சித்தாங் ஆற்றுப் பக்கம் பத்தொன்பதாம் நூற்றாண்டில் லட்சக்கணக்கில் இதே கூழைக்கடாக்கள் கூடு கட்டியதாகப் பதிவு இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டின் முற்பாதி முடிவதற்குள் அந்தக் கூட்டமே இல்லாமல் போய்விட்டது. பிலிப்பைன்ஸிலும் ஒருகாலத்தில் இருந்தது, இப்போது அங்கே ஒன்றுகூட இல்லை. இன்றைக்கு உலக அளவில் இந்த இனத்தை அச்சுறுத்தலுக்கு அருகில் இருப்பதாக வகைப்படுத்தியிருக்கிறார்கள். மிஞ்சியிருப்பதில் பெரும்பங்கு தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் இருக்கிறது.

‘மீனைப் பூராம் தின்னுட்டுப் போயிருது’

குளத்து மீன்பாசிக் குத்தகை எடுத்தவரிடம் பேசினால் கேட்கக் கிடைப்பது இதுதான்: “அண்ணாச்சி, நாங்க காசு குடுத்துக் குஞ்சு விடுதோம். இது பூராம் அள்ளித் தின்னுட்டுப் போயிருது.” அவருடைய கவலையைப் பொய் என்று சொல்ல மாட்டேன். கூழைக்கடா மீனைத்தான் தின்கிறது, குத்தகை மீன் என்று பார்த்து ஒதுங்குவதும் இல்லை. ஆனால் எவ்வளவு தின்கிறது என்பதில் பயம் ரொம்பப் பெரிதாகிவிட்டது. அந்தப் பயத்துக்குப் பாதிக் காரணம் அதன் பை.

பையைப் பார்த்தவுடன், அதில் மீனை நிரப்பிக் கட்டிக்கொண்டு போகிறது என்று தோன்றும். அப்படி இல்லை. கூழைக்கடா மீன் பிடிப்பதைக் கிட்டத்தில் பார்த்தால் இது புரியும். தலையைத் தண்ணீரில் முக்கும்போது கீழ்த்தாடையின் இரண்டு எலும்பும் வில்லாக வளைந்து விரியும். பை அகன்று, தண்ணீரும் மீனுமாக லிட்டர் கணக்கில் உள்ளே அள்ளிக்கொள்ளும். உடனே அலகை மூடி, நுனியை மார்போடு சேர்த்துக் கீழே அழுத்தும். தண்ணீர் ஓரங்கள் வழியாக வடியும். முழுக்க வடிந்த பிறகு அலகை மேலே தூக்கி மீனை விழுங்கும். பெரும்பாலான முறை அள்ளியதில் தண்ணீர்தான் இருக்கும், மீன் இருக்காது. பை நிறையத் தண்ணீரோடு பறவையால் எழும்பவும் முடியாது. கூட்டுக்கு இரை கொண்டுபோவது தொண்டைக்குள், இரைக்குழாயில். குஞ்சு தாயின் வாய்க்குள் தலையை விட்டு எடுத்துக்கொள்ளும். ஆக, அது அள்ளும் பை, சேமிக்கும் பை இல்லை.

வளர்ந்த பறவை ஒன்று நாளைக்குத் தின்பது ஏறத்தாழ ஒரு கிலோ மீன். அதுவும் ஒரே குளத்தில் இல்லை. முக்குளித்து ஆழத்துக்குப் போக இதற்குத் தெரியாது. அலகு எட்டும் மேல்நீரில் உள்ளதைத்தான் பிடிக்கும். ஓரத்து ஆழமில்லாத தண்ணீரில் மொய்க்கும் சிறு மீன்களும், யாரும் விடாமலே பெருகிக் கிடக்கும் ஜிலேபிக் கெண்டையும் அதில் நிறைய. அடியில் மேயும் மிர்கால் கெண்டை அதன் அலகுக்குச் சிக்குவது குறைவு.

சரி, குத்தகைதாரர் என்ன செய்யலாம்? பொடிக் குஞ்சாக வாங்கிப் பெரிய குளத்தில் கொட்டுவதுதான் அதிக நட்டம் தரும் வழி. கூழைக்கடா இல்லாவிட்டாலும் கொக்கும் நீர்க்காகமும் விராலும் அதைத் தின்றுவிடும். சின்னக் குட்டையில் வைத்து விரல் நீளத்துக்கு மேல் வளர்த்து, அப்புறம் குளத்தில் விட்டால் பிழைப்பது கூடும். அந்தக் குட்டைக்கு மேலே வலை கட்டுவதானால் கண்ணுக்குத் தெரியும் தடித்த நூல் வலையாக, தொய்வில்லாமல் இழுத்துக் கட்ட வேண்டும். மெல்லிய தங்கூசி (நைலான் நரம்பு) வலையைத் தளர்வாகக் கட்டினால் பறவை இறக்கை சிக்கிச் சாகும், வலையும் கிழியும். வெடி போட்டு விரட்டுவது ஒரு நாளைக்குப் பலிக்கும். மறுநாள் திரும்ப வந்துவிடும். குருணைப் பூச்சிமருந்தை மீனில் வைத்துப் போடுவது சட்டப்படி குற்றம் என்பதோடு, அந்த மருந்து போவது நாம் குளிக்கிற, மாடு குடிக்கிற தண்ணீருக்குள்.

இன்னொரு கணக்கும் இருக்கிறது. நூற்றுக்கணக்கான கூடுகள் உள்ள மரத்தடியில் நாள் முழுக்க எச்சம் தண்ணீரில் விழுந்துகொண்டே இருக்கும். தழைச்சத்தும் மணிச்சத்தும் அதில் நிறைய. கூந்தன்குளத்து வயல்காரர்களுக்கு அந்தத் தண்ணீரின் அருமையும் வண்டலின் அருமையும் நன்றாகத் தெரியும். பல ஊர்களில் கழிவாகத் தெரிவது அங்கே உரம். மீனில் போனதை மட்டும் எழுதி வயலுக்கு வந்ததை எழுதாமல் விடும் கணக்கு சரியான கணக்கு ஆகாது.

கூட்டுக்குப் பக்கத்தில்

படம் எடுக்கப் போகிறவர்கள் இந்தப் பகுதியைக் கவனமாக வாசிக்க வேண்டும். கூட்டில் இருக்கும் கூழைக்கடா நம்மைப் பார்த்து எழுந்து பறந்தால், அது நல்ல படம் கிடைக்கும் தருணமாகத் தெரியும். அதே நேரத்தில் கூட்டில் நடப்பது வேறு. முட்டையையும் தூவி முளைக்காத குஞ்சையும் நெல்லை வெயில் நேராக அடிக்கிறது. காக்கை காத்துக்கொண்டிருக்கும், செம்பருந்தும் சுற்றும். தாய் திரும்பி வருவதற்குள் கூடு காலியாகிவிடலாம். பறவை எழுந்து பறந்துவிட்டதென்றால் நாம் ரொம்பக் கிட்டே போய்விட்டோம். கழுத்தை நீட்டி நம்மைப் பார்க்கத் தொடங்கும்போதே நின்றுவிட வேண்டும்.

டிரோன் விடுவது இதைவிட மோசம். மேலேயிருந்து வரும் எதையும் கூழைக்கடா பருந்தாகவே எடுத்துக்கொள்ளும். ஒரு டிரோனுக்கு ஒரு மரமே காலியாகும். கூடு இருக்கும் மரத்தடிக்குத் தோணியிலோ டியூபிலோ போவதும் வேண்டாம். பார்வைக் கோபுரத்தில் நின்று, தூரநோக்கியில் பார்த்தாலே அலகின் புள்ளிகள் வரை தெரியும். நடுப்பகலில் போய் ‘பறவையே இல்லை’ என்று திரும்புகிறவர்களும் நிறையப் பேர். காலை ஏழு மணிக்குள் போனால் இரை பிடிப்பதைப் பார்க்கலாம். ஒன்பது, பத்து மணிக்கு வட்டமடித்து மேலே ஏறுவதைப் பார்க்கலாம்.

அப்புறம் வெடி. சித்திரை, வைகாசியில் இசக்கியம்மனுக்கும் சுடலைமாடனுக்கும் கொடை நடக்காத ஊர் நம் பக்கம் குறைவு. கொடையை நிறுத்து என்று சொல்ல யாருக்கும் உரிமையில்லை, தேவையும் இல்லை. வில்லுப்பாட்டும் மேளமும் பறவைக்குப் பழகிப்போகும். தலைக்கு மேலே வெடித்துச் சிதறும் வாணவேடிக்கைதான் பிரச்சினை. இருட்டில் திடுக்கிட்டு எழும் பறவை கிளையிலும் மின்கம்பியிலும் மோதும். குஞ்சு கூட்டிலிருந்து விழும். குளத்துக் கரையை ஒட்டிய கோயிலாக இருந்தால் வெடியை ஊரின் மறுபக்கம் போட ஏற்பாடு செய்யலாம். விழாக் கமிட்டியில் முன்கூட்டியே சொன்னால் கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். கொடையன்று ராத்திரி போய்ச் சொன்னால் சண்டைதான் வரும்.

வெயிலில் கூட்டில் உட்கார்ந்திருக்கும் பறவை வாயைத் திறந்து பையைப் படபடவென்று ஆட்டிக்கொண்டிருக்கும். தாகத்தில் சாகப்போகிறது என்று நினைத்து அருகே போகிறவர்கள் உண்டு. அது உடம்புச் சூட்டைத் தணிக்கும் வழி. பையின் ஈரத் தோலில் காற்றுப் படப் படச் சூடு இறங்கும். அதை அப்படியே விட்டுவிடுங்கள்.

மரத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. 2017-இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை சீமைக் கருவேல மரங்களை அகற்ற உத்தரவிட்ட பிறகு தென்மாவட்டம் முழுக்க வேகமாக வெட்டினார்கள். சீமைக் கருவேலம் மண்ணுக்கும் நீருக்கும் கேடு என்பதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் குளத்துக்குள் தண்ணீரில் நிற்கும் மரத்தைக் கூழைக்கடா தேடிப் போவதற்குக் காரணம் இருக்கிறது. சுற்றித் தண்ணீர் இருந்தால் நாயும் நரியும் காட்டுப்பூனையும் அடிமரத்துக்கு வர முடியாது. நாட்டுக் கருவேலம் இருந்தால் அதில் கட்டும், இல்லாவிட்டால் சீமைக் கருவேலத்திலும் கட்டும். முதலில் நாட்டு மரத்தை வளர்த்துவிட்டு, கூடு இல்லாத மாதத்தில் சீமையை வெட்டுவதுதான் முறை. குஞ்சுக் காலத்தில் மடையைத் திறந்து குளத்தை அடிவரை வடிப்பதும் இதே ஆபத்தில் முடியும். தண்ணீர் இறங்கினால் தெருநாய்கள் மரத்தடி வரை நடந்தே வந்துவிடும்.

விழுந்த குஞ்சும் அடிபட்ட பறவையும்

நல்ல மனதோடு செய்து உயிரைப் போக்கிவிடும் தவறுகள் இங்கேதான் அதிகம். கூந்தன்குளத்தில் கூட்டிலிருந்து விழுந்த குஞ்சுகளை எடுத்து, மீன் ஊட்டி, வளர்த்துவிட்ட பால்பாண்டியைப் பற்றி நெல்லைக்காரர்கள் பலர் அறிவார்கள். அவரைப் போலச் செய்ய ஆசைப்படுவது இயல்பு. ஆனால் அவர் பல்லாண்டு அந்தப் பறவைகளோடே வாழ்ந்து, வனத்துறையோடு சேர்ந்து அதைச் செய்தவர். வீட்டுக்கு எடுத்துப் போய்ப் பெட்டியில் வைத்து வளர்ப்பதை 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும் அனுமதிக்காது.

முதலில் வனத்துறைக்குச் சொல்லுங்கள். அவர்கள் வரும்வரை பறவையைக் கையாள வேண்டிய கட்டாயம் வந்தால் இதை நினைவில் வையுங்கள்: கூழைக்கடாவின் அலகை இறுகக் கட்டவே கூடாது. பெரும்பாலான பறவைகளுக்கு அலகின் மேல் மூக்குத்துளை இருக்கும். கூழைக்கடாவுக்கு அது மூடிக்கிடக்கும். வாய் வழியாகத்தான் மூச்சு விடுகிறது. கொத்திவிடும் என்று பயந்து அலகைச் சேர்த்துக் கயிறு சுற்றிவிட்டால், வண்டி ஆஸ்பத்திரி போய்ச் சேர்வதற்குள் மூச்சு முட்டி இறந்துவிடும். அலகைப் பிடிப்பதானால் இரண்டு அலகுக்கும் நடுவில் ஒரு விரலை வைத்து, இடைவெளி விட்டுப் பிடிக்க வேண்டும். மேல் அலகின் நுனியில் கொக்கி மாதிரி ஒரு நகம் உண்டு. அதுதான் கையைக் கிழிக்கும். உங்கள் முகத்தை அலகுக்கு எட்டாத தூரத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

இருவராகப் பிடிப்பது நல்லது. ஒரு துவர்த்தையோ பழைய வேட்டியோ போர்த்தி, இறக்கையை உடம்போடு மடக்கி அணைத்துக்கொள்ள வேண்டும். கழுத்தைப் பிடித்துத் தூக்கக் கூடாது. பிடிக்கும்போது தோலுக்கு அடியில் மொறுமொறு என்று காற்றுக் குமிழி உடைவது போலக் கைக்குத் தட்டுப்படும். எலும்பு நொறுங்கிவிட்டதோ என்று பதற வேண்டாம். கூழைக்கடாவின் தோலுக்கடியில் இயல்பாகவே காற்றுப்பைகள் உண்டு, மிதக்கவும் பறக்கவும் அது உதவுகிறது.

வாயில் தண்ணீர் ஊற்றாதீர்கள். மூச்சுக்குழலுக்குள் போய்விடும். சோறு, ரொட்டி, பால் எதுவும் வேண்டாம். காற்றுப் போகும் அட்டைப்பெட்டியில், நிழலில், ஆள் நடமாட்டம் இல்லாத இடத்தில் வைத்தால் போதும். சுற்றி நின்று செல்பி எடுக்கும் கூட்டத்தை விலக்கினாலே அந்தப் பறவைக்குப் பாதி உதவி செய்த மாதிரி.

கூட்டுக்கு நேர் கீழே உயிரோடு விழுந்து கிடக்கும் குஞ்சைத் தாய் கீழே இறங்கிவந்து வளர்க்கும் என்று எதிர்பார்க்க முடியாது. கூழைக்கடா பெரும்பாலும் கூட்டில் இருக்கும் குஞ்சுக்கு மட்டுமே இரை கொடுக்கும். ‘தொட்டால் தாய் சேர்க்காது’ என்று பயந்து விட்டுவிட்டுப் போகிறவர்களும் இருக்கிறார்கள். மனித வாடையால் தாய் ஒதுக்கும் என்பது பறவைகள் விஷயத்தில் சரியில்லை. நாய் தூக்கிப் போகாதபடி காவல் நின்று, வனத்துறை ஆளை வரவழைப்பதுதான் செய்ய வேண்டியது.

தூண்டில் முள் பையில் மாட்டியிருந்தால் இழுத்துப் பிடுங்காதீர்கள். முள்ளின் எதிர்க்கொக்கி பையை நீளக் கிழித்துவிடும். கிழிந்த பையோடு பறவையால் மீன் அள்ள முடியாது. தங்கூசியை ஒரு சாண் விட்டு வெட்டிவிட்டு, முள்ளை எடுக்கும் வேலையைக் கால்நடை மருத்துவருக்கு விட்டுவிடுங்கள். காலில் சுற்றியிருக்கும் தங்கூசி தோலுக்குள் புதைந்திருந்தால் அதற்கும் இதே வழி.

அடுத்தடுத்துப் பறவைகள் செத்துக் கிடந்தால் குழி தோண்டிப் புதைத்து முடித்துவிடுவது இன்னொரு தவறு. 2022-இன் தொடக்கத்தில் ஆந்திராவின் தேலினீலாபுரத்தில் கூழைக்கடாக்கள் தொடர்ந்து இறந்தபோது, மீன் வழியாக வந்த புழுத்தொற்று காரணம் என்று பரிசோதனையில்தான் தெரிந்தது. உடல் கிடைத்தால்தான் காரணம் தெரியும். வெறும் கையால் தொடாமல், கால்நடைத் துறைக்கும் வனத்துறைக்கும் உடனே சொல்லுங்கள்.

கடற்கரைப் பக்கம்

புன்னைக்காயல், மணப்பாடு, தூத்துக்குடி என்று கடல் ஊர்களில் கூழைக்கடா இருப்பது கழிமுகத்திலும் காயலிலும் உப்பள ஓரத்திலும். ஆழ்கடலுக்கு அது போவதில்லை. கடலில் மீன்பாடு குறைந்ததற்கு இதைக் குற்றம் சொல்ல இடமே இல்லை. வானத்திலிருந்து அம்பு மாதிரி கடலில் பாயும் கூழைக்கடாவை டிவியில் பார்த்துவிட்டு நம்முடையதும் அப்படித்தான் என்று நினைப்பவர்கள் உண்டு. அது அமெரிக்கக் கண்டத்தின் பழுப்புக் கூழைக்கடா. நம்முடையது நீந்திக்கொண்டே அள்ளுவது.

மீன் வெட்டும் இடத்தில் சதை எடுத்த எலும்பை அதற்கு வீசுவது வேண்டாம். அது மீனை முழுசாக, தலைப்பக்கமிருந்து விழுங்கப் பழகியது. சதை மூடாத முள் பையையும் தொண்டையையும் குத்திக் கிழிக்கும். அறுந்த வலைத்துண்டைக் கழிமுகத்தில் எறியாமல் கரைக்குக் கொண்டுவருவது, பறவைக்கும் நல்லது. அடுத்தவன் படகின் புரொப்பெல்லரில் அது சிக்கி மல்லுக்கட்ட வேண்டிய தொல்லையும் குறையும்.

கடற்கரை ஊர்களில் இன்னொரு கூழைக்கடாவும் உண்டு. தன் மார்பைக் கொத்தி, வடியும் குருதியைக் குஞ்சுகளுக்கு ஊட்டும் தாய்ப்பறவை. கிறிஸ்துவின் தியாகத்துக்கு அடையாளமாகக் கத்தோலிக்க மரபு பல நூற்றாண்டாக இதைப் பீடங்களிலும் நற்கருணைப் பேழைகளிலும் செதுக்கிவருகிறது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் தாமஸ் அக்குவினாஸ் எழுதியதாக அறியப்படும் நற்கருணைப் பாடலிலும் கிறிஸ்து கூழைக்கடாவாக வருகிறார். அந்த அடையாளத்தின் ஆழத்தைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை. பிள்ளைகளுக்கு மறைக்கல்வி வகுப்பில் சொல்லும்போது, பறவை நிஜமாகவே அப்படிச் செய்கிறது என்று சொல்லிவிடுவதுதான் தவிர்க்க வேண்டியது. தண்ணீரை வடிக்க அலகை மார்போடு சேர்த்து அழுத்துவதையும், குஞ்சு தாயின் வாய்க்குள் தலை விடுவதையும், சில இனங்களில் இனப்பெருக்கக் காலத்தில் பை செந்நிறமாவதையும் தூரத்திலிருந்து பார்த்த பழங்காலத்து மக்களுக்கு அப்படித் தோன்றியிருக்கலாம். இரண்டையும் சேர்த்துச் சொன்னால் பிள்ளைக்கு அடையாளமும் கிடைக்கும், பறவையும் கிடைக்கும்.

அடையாளம், எண்ணிக்கை

வெள்ளையாகப் பெரிதாக இருப்பதையெல்லாம் ‘நாரை’ என்று எழுதிவிடுவது எளிது. பறக்கும்போது பாருங்கள்: நாரை கழுத்தை நேரே நீட்டிப் பறக்கும், கூழைக்கடா கழுத்தை மடக்கித் தோளோடு சேர்த்துக்கொள்ளும். கரண்டிவாயனின் அலகு கறுத்து, நுனியில் தட்டையாக இருக்கும். பழுப்பாக இருக்கும் கூழைக்கடாவை வேறு இனம் என்று குறித்துவிடாதீர்கள், அது இளம்பறவை.

2011 முதல் ஒவ்வோர் ஆண்டும் தாமிரபரணிப் படுகைக் குளங்களில் நீர்ப்பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. மணிமுத்தாறில் இருக்கும் அகத்தியமலை மக்கள்சார் இயற்கைவளக் காப்பு மையம் அதை ஒருங்கிணைக்கிறது. ஜனவரி வாக்கில் நடக்கும், பழக்கமில்லாதவர்களும் சேரலாம். புதிதாக வருகிறவர்கள் இரண்டு இடத்தில் சறுக்குகிறார்கள். கூட்டம் எழுந்து வட்டமடித்து அதே குளத்தில் மறுபக்கம் இறங்கும்போது அதைத் திரும்பவும் எண்ணிவிடுவார்கள். அதனால் எண்ணுவதைக் காலையிலேயே, பறவை மேலே ஏறுவதற்கு முன்பே முடித்துவிட வேண்டும். பறவை இல்லாத குளத்தை எழுதாமலே விட்டுவிடுவது இரண்டாவது தவறு. பூஜ்யமும் ஒரு கணக்கு. போன ஆண்டு எண்பது பறவை இருந்த குளத்தில் இந்த ஆண்டு ஒன்றும் இல்லை என்று தாளில் இருந்தால்தான், அந்தக் குளத்துக்கு என்ன ஆயிற்று என்று யாராவது போய்ப் பார்ப்பார்கள். குளத்தின் பெயர், தேதி, நேரம், தண்ணீர் எவ்வளவு கிடக்கிறது, ஆகாயத்தாமரை எவ்வளவு மூடியிருக்கிறது என்பதோடு அந்தப் பூஜ்யத்தையும் எழுதிக் கொடுங்கள்.